நத்தம் போகுமா?

பஸ், நிலைய வாசலில் திரும்பியதுமே அவள் படித்துவிட்டாள்.

நத்தம்.

மஞ்சள் மேல் கறுப்பு. அவ்வளவு தூரத்திலிருந்து. எதிர்வெயிலில்.

நின்ற இடத்திலேயே சிரித்தாள். திண்டுக்கல் பஸ் நிலையத்தில், காலை வெயிலில், ஒரு பலகையைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு நிற்க ஒரு கிறுக்கியால்தான் முடியும்.

அந்த எழுத்து அவளுடையது. ஒவ்வொரு வளைவும்.

இருபது வருடம் சென்னையில் விளம்பரக் கம்பெனி. கடைசியில் ஆர்ட் டைரக்டர். சோப்பு, தங்க நகை, மறுபடியும் சோப்பு. அவள் உயிரைக் கொடுத்து வடிவமைத்த பக்கங்களை ஊரே புரட்டித் தள்ளியது. வெறுத்துப்போய் டிசைன் கல்லூரியில் பாடம் எடுக்கப் போனாள்.

இப்போது இது. பஸ்ஸின் நெற்றியில் ஊர்ப்பெயர்.

இதை யாரும் புரட்டித் தள்ள முடியாது. கவனிக்காவிட்டால் பஸ் போய்விடும்.

இன்று வெள்ளோட்டம். நத்தம் பஸ்களுக்கு மட்டும் புதுப் பலகை. தேறினால் மாவட்டம் முழுக்க. தேறாவிட்டால் அதே பழைய பலகைகள். ஒல்லி எழுத்தில், இடமில்லாமல் முட்டிக்கொண்டு நிற்கும் ஊர்ப்பெயர்கள்.

தேறியதா என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

அதையும் அவளே சொல்லியிருந்தாள். போக்குவரத்துக் கழக மேலாளர் லூர்துசாமியின் அறையில், ஏசிக் காற்றில், வாய்கொழுத்துச் சொன்னாள். படிக்க முடிந்தால் சனங்கள் கண்டக்டரைக் கேட்க மாட்டார்கள் சார். ஒரு காலைப்பொழுது நின்று பாருங்கள்.

வகுப்பில் வருடாவருடம் சொல்வதுதான். நல்ல டிசைன் இருக்கும் இடத்தில் கேள்வி இருக்காது. பிள்ளைகள் தலையாட்டுவார்கள்.

லூர்துசாமியும் தலையாட்டினார். இதோ, வந்து பக்கத்தில் நிற்கிறார்.

பஸ் நின்றது.

"நத்தம் போகுமா?" என்றார் முதல் ஆள்.

போகும் என்றார் கண்டக்டர்.

"நத்தமாண்ணே?" என்றாள் அடுத்தவள்.

கேட்டார்கள். எல்லோரும் கேட்டார்கள். தடித்த கண்ணாடி போட்டவர் கேட்டார். ஒரு கல்லூரிப் பெண் செல்போனிலிருந்து தலையைத் தூக்காமல் கேட்டாள். வாத்தியார் மாதிரி ஒருவர், பலகைக்கு நேர் கீழே நின்று, அண்ணாந்து பார்த்துவிட்டுக் கேட்டார்.

அவரை அறையலாம் போலிருந்தது.

அடுத்த பஸ்ஸிலும் அதே கூத்து. அதற்கடுத்ததிலும்.

லூர்துசாமி திட்டவில்லை. திட்டினால்கூடப் பதில் பேசலாம். அவர் பாவம் பார்த்தார். எழுத்து அழகாகத்தான் இருக்கிறது மேடம் என்றார். அப்புறம் ஜீப்பைப் பார்த்துக் கையசைத்தார்.

ஜீப் உறுமியது. அவர் நடந்தார்.

அவள் பஸ் பக்கம் போனாள். எதற்கென்று தெரியாது. யாரையாவது பிடித்து உலுக்கி, ஏன் கேட்கிறாய் என்று கேட்க வேண்டும்.

கையில் புதுக் குக்கர் பெட்டியோடு ஓர் அம்மாள்.

"ஏப்பா, நத்தம் போகுமா?"

கண்டக்டருக்கும் பொறுமை போயிருந்தது.

"போர்டுல என்னக்கா போட்டிருக்கு?"

"நத்தம்னுதான் போட்டிருக்கு. நீ போவியான்னு கேக்குறேன்."

கண்டக்டர் சிரித்துவிட்டார். போவேன், ஏறுக்கா என்றார்.

ஏற என்ன இருக்கிறது?

அந்த அம்மாள் ஏற்கெனவே படியில் நின்றுகொண்டிருந்தாள்.

இவள் குனிந்து கால்களைப் பார்த்தாள். அடுத்த ஆள். வலது கால் படியில். அப்புறம் கேள்வி. அதற்கடுத்த ஆள். படி. கேள்வி. படி. கேள்வி.

சட்டென்று திரும்பினாள்.

எதிரே பழனி பஸ். பழைய பலகை. ஆட்கள் தரையில் நின்று கேட்டார்கள். பதில் வந்த பிறகுதான் கால் எழுந்தது. ஒருவர் மூட்டையோடு முன்பக்கம் ஓடி, எட்டிப் பார்த்து, மறுபடி பின்பக்கம் ஓடி வந்தார்.



ஓடினாள். ஒரு செருப்பு கழன்றது. கிடக்கட்டும்.

லூர்துசாமி ஜீப்பில் ஒரு காலை வைத்திருந்தார்.

"சார், வாயைப் பாக்காதீங்க. காலைப் பாருங்க."

அவர் அவள் காலைப் பார்த்தார். செருப்பில்லாத காலை.

"என் கால் இல்ல சார்."

மூச்சு வாங்க, முன்னும் பின்னுமாகக் கொட்டினாள். படித்துவிட்டுத்தான் வருகிறார்கள். முடிவு செய்துவிட்டுத்தான் ஏறுகிறார்கள். அப்புறம் ஒரு வார்த்தை கேட்கிறார்கள். அது பலகையிடம் கேட்கிற கேள்வி இல்லை, மனுசனிடம் கேட்கிற கேள்வி. அந்தப் பக்கம் பாருங்கள் சார், கேட்ட பிறகுதான் ஏறுகிறார்கள்.

அவர் நெற்றியைச் சுருக்கினார்.

"ரூம்ல நீங்க சொன்னது வேற மேடம்."

"தப்பா சொன்னேன்."

இதைச் சொல்வது இவ்வளவு சுகமாக இருக்கும் என்று அவள் நினைத்ததில்லை.

அவர் பழனி பஸ்ஸைப் பார்த்தார். நத்தம் பஸ்ஸைப் பார்த்தார். மறுபடி பழனியை.

டிரைவரிடம் எஞ்சினை அணைக்கச் சொன்னார்.

இருவரும் நடைமேடை ஓரத்துக்கு வந்தார்கள். அடுத்த நத்தம் பஸ் வந்து நிலைய வாசலில் திரும்பியது. யாரும் கூவவில்லை. விசில் ஊதவில்லை. நத்தத்துக்குக் காத்திருந்த பெஞ்சு மொத்தமும் எழுந்தது.

லூர்துசாமி தேய்த்த பேண்ட்டை முழங்காலுக்கு மேல் இழுத்துவிட்டுக்கொண்டு தரையில் குந்தினார்.

கடலை விற்கிற அம்மாள் தட்டோடு வந்து எதிரே நின்றாள். என்ன சார் தொலைச்சீங்க என்று அவளும் தரையில் தேடினாள்.

"தள்ளிக்கம்மா," என்றார் அவர். "மறைக்குது."