டைனோசர் பொத்தான்

பொழுதுபோக்குப் பூங்காவின் பாலத்துக் கைப்பிடியில் இருந்த சிவப்புப் பொத்தானை ஓங்கி அழுத்தினாள் மருமகள்.

கீழே படகு வரும் வழியில் நின்ற டைனோசர் பொம்மை உறுமிக்கொண்டு வாயைப் பிளந்தது. புஸ்ஸென்று பீய்ச்சிய தண்ணீர், படகின் முன் சீட்டில் வந்த மாமியாரின் முகத்தில் நேராக அறைந்தது.

"யாரும்மா அது, உங்க அம்மாவா?" என்றாள் பக்கத்தில் நின்ற பெண்மணி.

"மாமியார்."

"அதானே பார்த்தேன்!" பெண்மணி உதட்டைச் சுழித்தாள்.

மருமகள் அதைக் காதில் வாங்கவில்லை. மனசு குளுகுளுவென்று இருந்தது.

போன மாதம் ஒரு விருந்தில் கைதவறித் தட்டைப் போட்டு உடைத்துவிட்டாள். "வளர்த்த லட்சணம் அப்படி!" என்று சொந்தபந்தம் அத்தனை பேர் முன்னாலும் மாமியார் ஒரு வார்த்தை விட்டுவிட்டார். தன்னைத் திட்டியிருந்தால்கூடப் பொறுத்திருப்பாள். பெற்றவளைச் சொன்னதுதான் ஆறவே இல்லை.

அன்றிலிருந்து இருவருக்கும் பேச்சு இல்லை. ஒரே வீட்டுக்குள், காபி வேண்டுமா வேண்டாமா என்பதுகூடக் கணவன் வழியாகத்தான் போய்வந்தது. வெளியே போனால் சரியாகிவிடும் என்று அவன்தான் இரண்டு பேரையும் இந்தப் பூங்காவுக்கு இழுத்து வந்திருந்தான்.

கரையேறிய மாமியார் துணியைப் பிழிந்தார். நேரே போய் மறுபடியும் வரிசையில் நின்றார்.

'வரட்டும், வரட்டும்' என்று காத்திருந்தாள் மருமகள்.

படகு வந்தது. அதே முன் சீட். மறுபடி ஒரு அறை.

"பாவம், வயசானவங்க. இந்தக் காலத்துப் பொண்ணுங்களுக்கு நெஞ்சுல ஈரமே இல்ல" என்று பெண்மணி சத்தமாகவே சொன்னாள்.

கணவன் மூச்சிரைக்கப் பாலத்தில் ஏறி வந்தான்.

"போதும், விடேன். அம்மாவுக்குச் சளி பிடிச்சுக்கும்."

"அவ்வளவு அக்கறைன்னா பின் சீட்டுல உக்காரச் சொல்லுங்க. அங்க ஒரு சொட்டு விழாது."

"படகுக்காரரும் அதைத்தான் சொன்னார். கேட்டாத்தானே!"

அதற்குள் படகு திரும்பவும் வந்துவிட்டது. பின் சீட்டெல்லாம் காலி. மாமியார் முன்னால் தனியாக உட்கார்ந்திருந்தார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றிக் கையில் பொத்திக்கொண்டு, கண்ணை இறுக மூடிக்கொண்டு, முகத்தை நன்றாக நிமிர்த்தி வைத்திருந்தார். நரைமுடி நெற்றியில் அப்பிக் கிடந்தது. குளிரில் உதடு வெடவெடத்தது.

மருமகளின் கை பொத்தானுக்கு மேலேயே நின்றுவிட்டது. அழுத்த வரவில்லை.

படகு டைனோசரைத் தாண்டிப் போனது.

மாமியார் மெல்லக் கண்ணைத் திறந்தார். பாலத்தை அண்ணாந்து பார்த்தார். இத்தனை நாளுக்குப் பிறகு முதல்முறையாக மருமகளிடம் நேராகப் பேசினார்.

"ஏம்மா நிறுத்திட்ட? அன்னைக்கு நான் பேசின பேச்சுக்கு இது பத்தாதும்மா... இரு, இன்னொரு தரம் வர்றேன்!"