மரநாய் போட்ட தள்ளுபடி

மூடுபனி இறங்கும் மாதம். கழுத்தில் மணி இல்லாத கன்று வழி தவறினால் சிறுத்தைக்குத்தான் கொண்டாட்டம். அதனால் தன் கன்றுக்கு மணி வாங்க கருப்பாயி எருமை மரநாய் கடைக்கு ஓடினாள்.

'மணி விலை நாற்பது பனம்பழம். ஐம்பது சதவீதம் தள்ளுபடி! அதற்கு மேலும் ஐம்பது சதவீதம்!' என்றது பலகை.

ஐம்பதும் ஐம்பதும் நூறு, மணி சும்மா கிடைக்கும் என்று வெறுங்கொம்போடு போய் நின்றாள்.

"முதல் தள்ளுபடி போக இருபது. அந்த இருபதில் பாதி போக பத்து. எடு பத்துப் பழம்! கணக்குத் தெரியாத எருமை!" என்று விழுந்து விழுந்து சிரித்தது மரநாய்.

கருப்பாயி பல்லைக் கடித்துக்கொண்டு திரும்பினாள்.

அன்று சாயங்காலமே, கள் குடித்த மரநாய் கடைக்குப் பின்னாலிருந்த நாற்பதடிக் கிணற்றில் விழுந்தது. தண்ணீர் இறைக்கும் சால் வாளியைக் கட்டிக்கொண்டு, "கருப்பாயி அக்கா, இழு!" என்று கதறியது.

கன்றோடு அந்தப் பக்கம் மேய்ந்துகொண்டிருந்த கருப்பாயி வந்து, சால் கட்டிய கமலைக் கயிற்றை இருபதடி இழுத்து நின்றாள். "ஐம்பது சதவீதம்."

இன்னும் பத்தடி. "அதற்கு மேலும் ஐம்பது."

"ஐயோ, பத்தடி பாக்கி இருக்கே!"

"ஏண்டா, ஐம்பதும் ஐம்பதும் நூறுன்னு நினைச்சியோ? கணக்குத் தெரியாத மரநாயே! உன் பெண்சாதியைக் கூப்பிட்டு மணியைக் கொண்டுவரச் சொல்லு. இல்லேன்னா கயிற்றை விட்டுடுவேன்!"

மரநாய் போட்ட கூச்சலில் பெண்சாதி மணியோடு ஓடி வந்தாள்.

முதலில் மணி கன்றின் கழுத்தில் ஏறியது. அப்புறம்தான் மரநாய் ஏறியது.