யானை முழுகும் சாக்கடை

“தலையை ஆட்டாதீங்கய்யா! இருக்கிறதே ஏழெட்டு முடி. அதுல ஒண்ணு போனாலும் சபைக்கு நஷ்டம்.”

“இனிமே சபைக்கும் என் தலைக்கும் சம்பந்தமில்லப்பா, கத்திரி. நாளையிலிருந்து புதுப் போதகர் பிரசங்கம் பண்றாரு. நான் ஓய்வு.”

சீப்பு அப்படியே நின்றது. ஊரே ‘கத்திரி’ என்று கூப்பிடும் அந்த சலூன்காரரின் முகம், நாளைக்கு உலகம் அழியப் போகிறது என்று கேட்டதுபோல ஆகிவிட்டது.

“அப்ப நாளைக்கு உங்க பிரசங்கம் கிடையாதா?”

“உனக்கென்ன கவலை? என்னிக்காவது ஞாயித்துக்கிழமை சர்ச் பக்கம் தலை காட்டியிருக்கியா?”

“ஞாயித்துக்கிழமை எனக்கு வெளிவேலைங்கய்யா. அதுவுமில்லாம, சனிக்கிழமையே முழுசா கேட்டுடறேன். பார்த்த படத்தை மறுநாளும் போய்ப் பார்ப்பாங்களா?”

அதுவும் நியாயம்தான். பாஸ்டர் இந்த ஊருக்கு வந்த புதிதில் அவர் தலையில் காடு இருந்தது. உள்ளே போன சீப்பு வெளியே வர வழி கேட்க வேண்டும். அந்தக் காலத்திலிருந்தே சனிக்கிழமைதோறும் இந்த நாற்காலியில்தான் மறுநாள் பிரசங்கத்துக்கு ஒத்திகை. அவர் பேசி முடிப்பதற்குள் மழித்த தாடி மறுபடி முளைத்துவிடும். கத்திரியும் சளைத்தவரில்லை. நல்ல இடம் வந்தால் போதும், “காதுல நுரை போயிடுச்சு, இன்னொரு தரம் சொல்லுங்க” என்பார்.

பாஸ்டர் கண்ணாடியில் தன்னையே பார்த்தார்.

“ஒரே ஒரு குறைதான்ப்பா. கேட்டுட்டுப் போறவன் சீஷன் இல்ல, கேட்டதை இன்னொருத்தனுக்குக் கொண்டுபோறவன்தான் சீஷன்னு தொண்டை கிழியக் கத்தினேன். எல்லாரும் ‘அருமைங்கய்யா’ன்னு கை குலுக்கிட்டுச் சாப்பிடப் போயிட்டாங்க. ஒருத்தனாவது தேறினான்னா நிம்மதியா மூட்டை கட்டுவேன். ம்ஹூம்... உன்னையே என்னால அசைக்க முடியலையே!”

கத்திரி நுரையைக் குழைத்து அவர் கன்னத்தில் பூசினார்.

“அந்தச் சாக்கடைக் கதையைச் சொல்லுங்கய்யா. இதே நாற்காலியில முதமுதல்ல சொன்னீங்களே, அது.”

பாஸ்டரின் கண்கள் மின்னின. ஊருக்கு வந்த முதல் நாளே புது வெள்ளை அங்கியும் சைக்கிளுமாகச் சாக்கடையில் விழுந்தது, கரையில் நின்ற பெரிய மனிதர்கள் எல்லாரும் புத்திமதி சொன்னது, ஒரு குடிகாரன் மட்டும் தள்ளாடியபடி உள்ளே இறங்கிக் கைகொடுத்தது! அன்று முழங்கால் ஆழம்தான் இருந்தது. சொல்லச் சொல்ல ஆழமாகி, இப்போது ஒரு யானை முழுகும் அளவுக்கு வந்திருந்தது.

“இன்னொரு தரம் சொல்லுங்கய்யா” என்றார் கத்திரி. “காதுல நுரை.”

மறுநாள் காலை சர்ச் மணி அடித்தபோது, தன் இடத்தில் இன்னொருவர் நிற்பதைப் பார்க்கப் பாஸ்டருக்கு மனம் வரவில்லை. நாலு நோயாளிகளுக்காவது ஜெபம் செய்வோம் என்று ஆஸ்பத்திரிக்கு நடந்தார். எத்தனையோ தடவை போயிருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை காலையில் போவது இதுதான் முதல் தடவை.

ஆண்கள் வார்டில் கட்டில்கள் ஆடும்படி ஒரே சிரிப்பு. கோடியில் ஒரு கட்டிலைச் சுற்றிக் கூட்டம். அதன் நடுவிலிருந்து ஒரு குரல் வந்தது.

“சாக்கடைன்னா சாதாரணச் சாக்கடையா? மூணு யானை ஒண்ணு மேல ஒண்ணு நின்னாலும் முழுகிடும்!”

பாஸ்டர் வாசலிலேயே நின்றுவிட்டார். கதை அவருடையது. யானைகள்தான் இரண்டு கூடியிருந்தன.

“ஐயா... அங்க பேசறது யாரு?” என்றார்.

வாசலோரக் கட்டிலில், பாதி முகத்தில் நுரையோடு தன் முறைக்குக் காத்திருந்த நோயாளி, உதட்டில் விரல் வைத்தார்.

“சத்தம் போடாம உட்காருங்க, பெரியவரே! வருஷக்கணக்கா ஞாயித்துக்கிழமை தவறாம வந்து, இங்க படுத்திருக்கிற அத்தனை பேருக்கும் சும்மாவே சவரம் பண்ணிக்கிட்டே பிரசங்கம் சொல்ற எங்க பாஸ்டர் அவரு!”