ஒழுகாத ஒன்பதாம் அறை

"இந்த ஒன்பதாம் ரூமை மட்டும் எப்படிங்க இவ்வளவு அருமையா வச்சிருக்கீங்க?"

பராமரிப்புப் பதிவேட்டிலிருந்து தலையைத் தூக்காமலே கேட்டார் ஆய்வு அதிகாரி. தலைமையாசிரியை, பள்ளிக் கட்டடத்தைப் பார்த்துக்கொள்ளும் ஊழியரைப் பார்த்தார். ஊழியர் மின்விசிறியைப் பார்த்தார். சட்டைப்பையில் எந்நேரமும் நாலு ஆணியோடு திரிவதால் பள்ளிக்கூடம் முழுக்க அவருக்கு 'ஆணி' என்றுதான் பெயர்.

பேச வேண்டிய விஷயமே வேறு. நாலாம் அறையின் கூரை ஒழுகுகிறது. போன மழைக்கு நாற்பத்திரண்டு பிள்ளைகள் குடை பிடித்துக்கொண்டு வாய்ப்பாடு ஒப்பித்தார்கள். அடுத்த மழைக்கு இன்னும் மூன்றே வாரம். இடிந்த பிறகு ஓடுவதைவிட இடியும் முன் பார்ப்போம் என்று, தலைமையாசிரியை அறை அறையாக ஏறி இறங்கி வரும் ஆண்டுக்கான பராமரிப்புத் திட்டம் ஒன்றை எழுதி வைத்திருந்தார். அதில் அதிகாரி கையெழுத்துப் போட்டால்தான் கூரை வேலை தொடங்கும்.

அதிகாரியோ திட்டத்தை ஓரமாகத் தள்ளிவிட்டு ஒன்பதாம் அறையைப் பிடித்துக்கொண்டார்.

"மத்த ரூமுக்கெல்லாம் பக்கம் பக்கமா ஒரே புலம்பல். தாழ்ப்பாள் போச்சு, ஓதம் ஏறுது, ஜன்னல் கதவு கழண்டுச்சு. ஒன்பதுக்கு மட்டும் பதினோரு வருஷமா 'குறை ஏதும் இல்லை'. மழைக்கு ஒழுகவே இல்லையா?"

"ஒரு சொட்டு ஒழுகினதில்ல சார்," என்றார் ஆணி. பாவம், அவருக்குப் பொய் சொல்ல வராது.

"சுவத்துல விரிசல்?"

"மருந்துக்குக் கூட கிடையாது சார்."

"பசங்க பெஞ்சுல பேரைச் செதுக்குவானுங்களே?"

"அங்க ஒருத்தன் கூட கை வச்சதில்ல."

"ஃபேன்?"

"சத்தமே கேக்காது சார்."

"தினமும் பெருக்கித் துடைப்பீங்களோ?"

"அதுக்குத் தேவையே வந்ததில்ல."

அதிகாரி மேசையைத் தட்டினார். "பாத்தீங்களா மேடம்? வருமுன் காக்கிறதுன்னா இதுதான். மனமிருந்தா மார்க்கம் உண்டு. உங்களுக்குக் கூரை வேலையெல்லாம் எதுக்கு? ஒன்பதாம் ரூமுக்கு இவர் என்ன செய்றாரோ, அதையே நாலாம் ரூமுக்கும் செய்யச் சொல்லுங்க."

"அப்புறம் பசங்க எங்க சார் உக்காருவாங்க?" என்று ஆணி முணுமுணுத்தது அவர் காதில் விழவில்லை.

"வாங்க, அந்த ரூமை ஒரு எட்டு பாத்துட்டு வந்துடுவோம்."

இருவருக்கும் தூக்கிவாரிப் போட்டது. அதிகாரி அந்த நாற்காலியை விட்டு எழுவார் என்று அவர்கள் கனவிலும் நினைத்ததில்லை.

"காபி ஆறிடும் சார்," என்றார் தலைமையாசிரியை.

"ஆறட்டும்."

"சார், அந்த ரூம் வந்து..." என்று இழுத்தார் ஆணி.

"சாவி தொலைஞ்சு போச்சா? என்கிட்டயேவா இந்தக் கதை?"

"பூட்டே கிடையாது சார்."

"அப்புறம் என்ன, நடங்க."

கூரையும் போச்சு, வேலையும் போச்சு என்று நினைத்துக்கொண்டே ஆணி பின்னால் நடந்தார். வாசல் வரை வந்த தலைமையாசிரியை, என்ன தோன்றியதோ, திரும்பிப் போய் பதிவேட்டையும் திட்டத்தையும் எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார்.

நாலாம் அறையைத் தாண்டும்போது மேலிருந்து ஒரு துண்டு காரை பெயர்ந்து அதிகாரியின் தோளில் விழுந்தது. அவர் அதைத் தட்டிவிட்டுக்கொண்டே, "ஒன்பதைப் பாத்துக் கத்துக்கணும்," என்றார்.

ஐந்து, ஆறு, ஏழு, எட்டு. எட்டுக்கு அடுத்து மாடிப்படி. மாடிப்படிக்கு அடுத்து பத்து.

அதிகாரி பத்து வரை போய்விட்டுத் திரும்பி வந்தார். கதவுகளை விரல் விட்டு எண்ணினார்.

"ஒன்பது எங்கய்யா?"

"நீங்க நிக்கிற இடம்தான் சார்," என்றார் ஆணி. "கட்டும்போது ரூமை விட்டுட்டு மாடிப்படி வச்சுட்டாங்க. பதிவேடு அதுக்கு முன்னாடியே அச்சாகி வந்துடுச்சு. ஒன்பதாம் வரியைக் காலியா விட்டா ஆபீஸ்ல திருப்பி அனுப்புறாங்க. இல்லாத ரூமுக்கு என்ன சார் குறை இருக்கும்? அதைத்தான் எழுதினேன்."

அதிகாரியின் முகம் சிவந்தது. "பதினோரு வருஷமா இல்லாத ரூமைப் பராமரிச்சிருக்கீங்க. ரெண்டு பேர் மேலயும் இப்பவே ரிப்போர்ட் எழுதுறேன். கூரையும் கிடையாது, ஒண்ணும் கிடையாது."

"தாராளமா எழுதுங்க சார்," என்ற தலைமையாசிரியை பதிவேட்டைப் பிரித்து நீட்டினார். "அதுக்கு முன்னாடி போன வருஷப் பக்கத்தைக் கொஞ்சம் பாத்துடுங்க."

அதிகாரி பார்த்தார். கைக்குட்டையை எடுத்துக் கழுத்தைத் துடைத்துக்கொண்டார். பிறகு திட்டத்தை வாங்கி, மாடிப்படிக் கைப்பிடியின் மேலேயே வைத்து, தன் பச்சை மைப் பேனாவால் கையெழுத்துப் போட்டார். வேலையை நாளைக்கே தொடங்கலாம் என்றவர், காபியைக்கூடக் குடிக்காமல் காரில் ஏறிவிட்டார்.

"அப்படி என்ன மேடம் காட்டினீங்க?" என்று கேட்ட ஆணியிடம் தலைமையாசிரியை பதிவேட்டைக் கொடுத்தார்.

ஒன்பதாம் வரியில், அதே பச்சை மையில், அதே கையெழுத்தோடு இருந்தது: 'இவ்வறையில் அரை மணி நேரம் அமர்ந்து நேரில் ஆய்வு செய்தேன். நல்ல காற்றோட்டம்.'