பன்னிரண்டாவது ராஜினாமா

"செகரெட்டரிங்கற வேலையே இனிமே இருக்காது சார்" என்று அவன் பெரியவரிடம் சொல்லி முடிக்கவும் ஓர் அம்மாள் காபியைக் கொண்டுவந்து அவன் முன்னால் வைக்கவும் சரியாக இருந்தது.

"அக்கா, எனக்குச் சர்க்கரை கம்மியா" என்றான்.

அவர் கோப்பையை எடுத்துக்கொண்டு போய் வேறு காபி கொண்டுவந்தார். பிறகு ஜன்னலோரச் சுழல் நாற்காலியில் நோட்டும் பேனாவுமாக உட்கார்ந்துகொண்டார். அந்த அறையில் உருப்படியான நாற்காலி அது ஒன்றுதான். பெரியவர் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். என்ன எளிமை என்று அவன் மனதுக்குள் மெச்சிக்கொண்டான். பத்திரிகைகளும் அப்படித்தான் எழுதியிருந்தன.

பெரியவர் ஒரு பெரிய கணினி நிறுவனத்தில் இருபத்திரண்டு வருடம் தலைமைப் பதவியில் இருந்தவர். போன வருடம் ஒரே நாளில் அதை உதறிவிட்டு, புதிதாகத் தொழில் தொடங்குகிறவர்களுக்கு முதலீடு தரும் இந்த அலுவலகத்துக்கு வந்துவிட்டார். அவருடைய பேட்டிகள் அவனுக்கு மனப்பாடம். மனப்பாடம் செய்ய வேண்டிய நிலைமையில்தான் அவனும் இருந்தான். இந்த மாதக் கடைசிக்குள் யாரும் கைகொடுக்காவிட்டால் அவனும் அவனை நம்பி மூன்று வருடமாக மல்லுக்கட்டும் நான்கு பேரும் மூட்டை கட்ட வேண்டியதுதான். மாமனார் தன் மரக்கடையில் அவனுக்கென்று ஒரு மேஜையே போட்டுவிட்டார். வார்னிஷ் அடித்தாகிவிட்டது என்று நேற்று போனில் சொன்னார்.

மடிக்கணினியைப் பெரியவர் பக்கம் திருப்பினான்.

"எங்க மென்பொருள் மெயில் படிக்கும், பதில் எழுதும், மீட்டிங் ஏற்பாடு பண்ணும். உங்க கல்யாண நாளைக்கூட ஞாபகப்படுத்தும் சார்."

"பதினாலாம் தேதி" என்றார் அந்த அம்மாள், நோட்டிலிருந்து தலையைத் தூக்காமல்.

"ஆமா, பதினாலு" என்றார் பெரியவர்.

அவனுக்குக் கொஞ்சம் பாவமாக இருந்தது. வேலை போகப்போகிறவர்கள் இப்படித்தான் முந்திக்கொண்டு பதில் சொல்வார்கள்.

"ஒரு சந்தேகம் தம்பி" என்றார் அந்த அம்மாள். "முதலாளி கோவத்துல ஒரு ராஜினாமா எழுதி, அனுப்புன்னு சொன்னா உங்க மென்பொருள் என்ன பண்ணும்?"

"அரை நொடியில அனுப்பிடும் அக்கா."

"அனுப்பாம வெச்சிருக்காதா?"

"சொன்னதைச் செய்யும். அதான் அதோட பலமே."

அவர் நோட்டில் ஏதோ எழுதினார். பெரியவர் தொண்டையைச் செருமினார்.

"என் கதையைத்தான் கேக்கறாங்க" என்றார். "எனக்குக் கோவம் வந்தா உடனே ராஜினாமா எழுதிடுவேன். அனுப்புங்கன்னு இவங்ககிட்ட சொல்லிட்டு வீட்டுக்குப் போயிடுவேன். மறுநாள் காலையில தலையைத் தொங்கப் போட்டுக்கிட்டு வந்தா, 'சார், அந்த மெயில் இன்னும் டிராஃப்ட்லதான் இருக்கு'ம்பாங்க. பதினோரு தடவை என் வேலையைக் காப்பாத்தியிருக்காங்க."

"பன்னிரண்டாவது தடவை?"

"போயிடுச்சு. காலையில வந்து பாக்கறேன், பூங்கொத்தோட வழியனுப்ப நிக்கறாங்க."

பத்திரிகைகள் இதை எழுதவில்லை. ஆனாலும் அவன் விடவில்லை. பிடித்தால் இதுதான் பிடி.

"பாத்தீங்களா சார், மனுஷங்கன்னா மறதி இருக்கும். எங்களோடது மறக்கவே மறக்காது."

"மறதிதான்" என்றார் பெரியவர். "பாவம், இருபத்திரண்டு வருஷத்துல ஒரே ஒரு தடவை. நான் இன்னைக்கு வரைக்கும் அதைப் பத்தி ஒரு வார்த்தை கேட்டதில்லை."

அவன் மடிக்கணினியை மூடினான். "அப்ப உங்க முடிவு சார்?"

"எனக்கு ரொம்பப் பிடிச்சிருக்கு தம்பி."

அவனுக்குச் சட்டென்று கண் கலங்கிவிட்டது. வார்னிஷ் அடித்த மேஜை காற்றில் பறந்து போனது. கையை நீட்டினான். பெரியவரும் அன்பாகக் குலுக்கினார். குலுக்கிவிட்டு எழுந்து, கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு, ஜன்னல் பக்கம் திரும்பி நின்றார்.

"ஆனா கையெழுத்து மேடம்தான் போடணும். ஆரம்பத்துல பழைய கம்பெனியில எங்க எல்லாருக்கும் பங்கு குடுத்தாங்க. நான் வித்து வீடு கட்டினேன். மேடம் போன வருஷம் வரைக்கும் விக்கவே இல்லை. அந்தப் பணத்துல தொடங்கின இந்த ஆபீஸ் அவங்களோடது. பேட்டி குடுக்கறது, கை குலுக்கறது, இதெல்லாம்தான் என் வேலை."

அவன் கையிலிருந்த காபியைப் பார்த்தான். சர்க்கரை சரியாகத்தான் இருந்தது. அதை எங்கே வைப்பது என்றுதான் தெரியவில்லை.

"உக்காருங்க தம்பி" என்றார் மேடம். "ஒரே ஒரு திருத்தம். ராஜினாமான்னு இருந்தா மறுநாள் காலை வரைக்கும் டிராஃப்ட்லயே கிடக்கணும். அதுக்கப்புறம் ஒரு தடவை கேட்டுட்டு அனுப்பணும். செய்ய முடியுமா?"

"ரெண்டு வாரத்துல முடிச்சிடலாம் அக்கா. மேடம்."

"ஒரு வாரம்."

"சரி மேடம்."

அவர் ஒப்பந்தக் காகிதத்தைத் தன் பக்கம் திருப்பிக் கையெழுத்துப் போட்டார். அவனுக்கு மூச்சு வந்தது. மூச்சு வந்ததும் வாயும் வந்துவிட்டது.

"மேடம், தப்பா நினைக்காதீங்க. பதினோரு தடவை ஞாபகமா நிறுத்தி வெச்ச நீங்க, பன்னிரண்டாவதை எப்படி மறந்தீங்க?"

இத்தனை நாளாகத் தான் கேட்காத கேள்வியைக் கேட்டுவிட்டானே என்று பெரியவரும் திரும்பிப் பார்த்தார்.

மேடம் பேனாவை மூடினார்.

"மறக்கலை தம்பி. அந்த வாரம்தான் நான் இந்த ஆபீஸைத் திறந்தேன். பேட்டி குடுக்க எனக்கு ஒரு ஆள் தேவைப்பட்டுது."