பின் கண்ணாடி வைப்பர்

"கை தவறிடுச்சா? இது என்ன டீ கிளாஸா, கை தவறிக் கீழ போட?"

குடியிருப்புச் சங்கச் செயலாளர் போட்ட சத்தத்தில் மூன்றாவது மாடி ஜன்னல்கூடத் திறந்தது.

கார் துடைக்கிற அம்மாள் தலையைக் குனிந்துகொண்டு நின்றாள். அவள் கையில் உடைந்த வைப்பர் கம்பி இருந்தது. வாளி கவிழ்ந்து சோப்புத் தண்ணீர் தரையெல்லாம் ஓடியது. பாதி ரிவர்ஸ் எடுத்த நிலையில் அந்தப் பெரிய வண்டி குறுக்கே நின்றது.

"வாங்கி ஒரு வருஷம் ஆகல. நான் வண்டி எடுத்துட்டிருக்கேன், நீ பாட்டுக்குப் பின்னால நின்னு துடைச்சிட்டிருக்க. அறிவு வேணாம்?"

"தப்புதான் சார்."

"பதில் பேசாத!"

பேசாமல் நின்றாள்.

"கேக்கறேன்ல, வாயைத் திறந்தா என்ன?"

செயலாளரிடம் அந்தக் குடியிருப்பில் யாரும் வாதாடி ஜெயித்தது கிடையாது. பேசினாலும் குற்றம், பேசாவிட்டாலும் குற்றம். அவர் பதவிக்கு வந்ததே மற்றவர்களுக்குச் சத்தம் போடத் தெரியாததால்தான்.

காதில் இருந்த போனை அப்போதுதான் எடுத்தார். "அப்புறம் கூப்பிடறேன். இங்க ஒண்ணு வண்டிய நாசம் பண்ணிடுச்சு" என்று சொல்லிவிட்டு, கம்பியை அவள் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு நேராக ஒர்க்ஷாப்புக்கு வண்டியை விட்டார்.

மெக்கானிக் நிதானமான ஆள். வண்டியைச் சுற்றி வந்து, பின் கண்ணாடிக்குக் கீழே குனிந்து பார்த்தார்.

"துடைக்கும்போது உடைஞ்சதுன்னா சொன்னீங்க?"

"ஆமா. முரட்டுக் கை."

"அப்படி உடைஞ்ச மாதிரி தெரியலயே சார். மேல தூக்கினா இந்த இடத்துல உடையும். இது பக்கவாட்டுல முறுக்கிட்டு வந்திருக்கு. யாரோ உடம்பு கனத்த மொத்தமா போட்டுத் தொங்கியிருக்காங்க."

"தொங்கியிருக்காளா!"

"கண்ணாடி முழுக்க உள்ளங்கை அச்சு வேற. அஞ்சாறு தடவ ஓங்கித் தட்டின மாதிரி இருக்கு. துடைச்சிடவா?"

செயலாளருக்கு மூக்கு விடைத்தது. "பாத்தியா திமிர! போன வாரம், டயர் சரியா கழுவலன்னு ரெண்டு வார்த்தை சொன்னேன். அந்த ஆத்திரத்த என் வண்டி மேல காட்டியிருக்கா."

மெக்கானிக் பிளாஸ்டிக் மூடியை நெம்பி எடுத்தார், நட்டைக் கழற்றினார், மிச்சமிருந்த துண்டை ஆட்டி ஆட்டி வெளியே எடுத்தார். புதுக் கம்பியை வைப்பதற்கு முன் சுவிட்சை ஒரு முறை போட்டு நிறுத்தச் சொன்னார்.

"எதுக்கு? சீக்கிரம் மாட்டு."

"மோட்டார் அதோட இடத்துல வந்து நிக்கணும் சார். அவசரப்பட்டு மாட்டினா வைப்பர் போய் பாடியில இடிக்கும். அப்புறம் வைப்பர் மேல பழி சொல்லிப் பிரயோஜனம் இல்ல."

தண்ணீர் அடித்து ஓட்டிப் பார்த்தார்கள். வைப்பர் அழகாகப் போய் வந்தது. செயலாளரின் கோபம் மட்டும் இறங்கவில்லை. திரும்பி வரும் வழியெல்லாம் அதை ஊதி ஊதிப் பெரிதாக்கிக்கொண்டே வந்தார்.

அந்த அம்மாள் ஆறாவது வண்டியைத் துடைத்துக்கொண்டிருந்தாள். இந்தக் குடியிருப்பில் அவளுக்குப் பன்னிரண்டு வண்டி. வேறு வேலை கிடையாது.

"தொங்கினியா என் வண்டியில? சொல்லு! மெக்கானிக் எல்லாத்தையும் சொல்லிட்டான்."

அவள் துணியைப் பிழிந்தபடியே நின்றாள்.

"கண்ணாடியத் தட்டினியா இல்லையா?"

"தட்டினேன் சார்."

"ஒத்துக்கறா பாரு! எவ்வளவு நெஞ்சழுத்தம்!"

சத்தம் கேட்டு அவர் மனைவி இறங்கி வந்தாள். பின்னாலேயே ஐந்து வயது மகளும் வந்தாள். குழந்தையின் முகம் அழுது வீங்கியிருந்தது.

"அப்பா... அவங்கள ஒண்ணும் சொல்லாதீங்கப்பா..."

"பெரியவங்க பேசறப்ப நடுவுல வராதன்னு எத்தன தடவ சொல்றது? உதை வாங்குவ!"

குழந்தை வாயைப் பொத்திக்கொண்டது. கார் துடைக்கிற அம்மாள் அதைப் பார்த்து, வேண்டாம் என்பதுபோல் மெதுவாகத் தலையசைத்தாள். அதுவும் செயலாளர் கண்ணில் பட்டுவிட்டது.

"ஓஹோ, குழந்தையையும் கைக்குள்ள போட்டு வெச்சிருக்கியா?"

"என்னங்க, போதும் விடுங்க. ஒரு வைப்பருக்காக..." என்றாள் மனைவி.

"வைப்பரா முக்கியம்? புத்திதான் முக்கியம். இன்னிக்கு வைப்பர்ல தொங்கினவ நாளைக்கு என்ன வேணா செய்வா."

நேராக கேட்டுக்குப் போனார். காவலாளியின் நோட்டை வாங்கி, அவள் பெயரைக் கறுப்புப் பேனாவால் இரண்டு கோடு போட்டு அடித்தார்.

"நாளையிலேர்ந்து இவ உள்ள வரக்கூடாது. ஒரு வண்டியையும் தொடக்கூடாது. வந்தாள்னா உன் வேலையும் போயிடும்."

ஜன்னல்களில் நின்றவர்கள் ஒவ்வொருவராக உள்ளே நகர்ந்துகொண்டார்கள்.

அம்மாள் வாளிக்குள் துணிகளை மடித்துப் போட்டாள். குழந்தையின் தலையை ஒரு முறை தடவினாள். கேட்டைத் தாண்டிய பிறகுதான் திரும்பினாள். காலையிலிருந்து குனிந்தே இருந்த தலை இப்போது நிமிர்ந்திருந்தது. கண் சிவந்திருந்தது.

"அப்பா அடிப்பாரு, சொல்லாதீங்கன்னு பாப்பா என் காலைப் பிடிச்சு அழுதா. அதான் வாய மூடிட்டிருந்தேன். இனிமே சொல்லாம போனா எனக்குத்தான் பாவம்" என்றாள்.

"என்னடி உளர்ற?"

"போன் பேசிக்கிட்டே ரிவர்ஸ் எடுக்காதீங்க சார். பாப்பா மறுபடியும் பின் சக்கரத்துக்கிட்ட குனிஞ்சு பந்து எடுத்தா, தொங்கிக்கிட்டுக் கண்ணாடியத் தட்ட நாளைக்கு நான் இருக்க மாட்டேன்."