பீங்கான் கோப்பை

நான் உட்காரும் முன்பே மேஜைக்கு டீ வந்துவிட்டது. பீங்கான் கோப்பையில், சாஸருடன், ஓரத்தில் இரண்டு பிஸ்கட்.

ஆள் காலி என்று அப்போதே தெரிந்துவிட்டது.

தெரியாமல் என்ன? அந்த வழக்கத்தை உண்டாக்கியவனே நான்தான். பதினாறு வருடமாக ஓடும் துப்பறியும் தொடருக்குக் கதை, வசனம் என்னுடையது, தயாரிப்பும் என்னுடையது. படப்பிடிப்பில் எல்லோருக்கும் காகிதக் கப்தான். யாருடைய பாத்திரத்தையாவது சாகடிப்பது என்று முடிவாகிவிட்டால் மட்டும் அந்த நடிகரை என் அறைக்குக் கூப்பிடுவேன். பீங்கான் கோப்பையில் டீ கொடுப்பேன். வீட்டில் எல்லோரும் சௌக்கியமா என்று விசாரிப்பேன். நடிப்பை வாயாரப் புகழ்வேன்.

பிறகு கத்தியை இறக்குவேன்.

விஷயம் எப்படியோ வெளியே கசிந்துவிட்டது. கோப்பையைக் கண்டதும், எனக்கு டீயே பழக்கமில்லை சார் என்று வாசலோடு திரும்பி ஓடிய நடிகர் உண்டு. அடுத்த வாரமே அவரை மொட்டைமாடியிலிருந்து தள்ளிவிட்டேன்.

பெருமைக்குச் சொல்லவில்லை, இந்தத் தொழிலில் நான் கொல்லாத விதம் இல்லை. விஷம் வைத்திருக்கிறேன், லாரி ஏற்றியிருக்கிறேன். ஒரு மாமியாரைக் குளியல் தொட்டியில் அமுக்கிய வாரம் சேனலே ஆடிப்போனது. அவ்வளவு பேர் பார்த்தார்கள். அதன் பிறகு ஒரு வருடம் எந்த மாமியாரையும் நான் நிம்மதியாக இருக்க விடவில்லை.

இன்று எனக்கு எதிரே உட்கார்ந்திருப்பவள் சேனலின் புதிய தலைமை அதிகாரி. பக்கத்தில் கோட்டு போட்ட ஒரு வக்கீல். அவள் வந்தபோது வெளியே உட்கார்ந்திருந்த அத்தனை பேரும் எழுந்து நின்றார்கள். நானும்தான். இங்கே அவளுக்கு முதல் வேலை கிடைக்க நாலு பேர் காலைப் பிடித்துச் சிபாரிசு செய்தவன் நான். எனக்கு வேண்டியதுதான்.

நான் கேட்க வந்தது ஒன்றே ஒன்று. கடைசியாக இன்னும் ஒரு வருடம். தொடரின் கதாநாயகனான என் இன்ஸ்பெக்டர் உயிரோடு ஓய்வு பெற வேண்டும். தொப்பியைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டு, உடம்பில் ஒரு தோட்டா படாமல், ஸ்டேஷன் வாசலைத் தாண்டி அவன் நடந்து போவதை நான் எழுத வேண்டும். அவன் எனக்குப் பெற்ற பிள்ளை மாதிரி. உண்மையைச் சொன்னால், பெற்ற பிள்ளையைவிட அவனோடுதான் அதிகம் இருந்திருக்கிறேன்.

வாயைத் திறக்க அவள் விடவில்லை.

வீட்டு சௌக்கியத்தை மட்டும்தான் விசாரிக்கவில்லை. மற்றதெல்லாம் அச்சு அசலாக என் முறை. குரலில் அந்தக் குழைவுகூட என்னுடையது.

"கொலைய உங்கள மாதிரி எழுத இன்னைக்கும் ஆளே கிடையாது சார்."

அடுத்தது கத்தி என்று எனக்குத் தெரியும். தெரிந்திருந்தும் வலித்தது. தொடர் அப்படியே ஓடுமாம். புது எழுத்தாளர்கள், புது முகங்கள். பழைய இன்ஸ்பெக்டர் மட்டும் முதல் காட்சியிலேயே சுடப்பட்டுச் சாக வேண்டுமாம். அந்த ஒரு காட்சியை நானே எழுதிக் கொடுத்துவிட்டுப் போனால் மரியாதையாக இருக்குமாம்.

என் மரியாதைக்கு என் பிள்ளையை நானே சுட வேண்டும்.

வக்கீல் காட்டிய இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டேன். சண்டை போட்ட நடிகர்கள் எல்லோரும் என்ன ஆனார்கள் என்று என்னைவிட யாருக்குத் தெரியும்? இரண்டே பக்கத்தில் முடிகிற சாவுதான், எழுதித் தருகிறேன் என்றேன். வக்கீல் காகிதங்களை அடுக்கிக்கொண்டு, எனக்கு ஒரு கும்பிடு போட்டுவிட்டு வெளியே போனார்.

அவள் எழுந்து போய்க் கதவைச் சாத்தினாள். திரும்பித் தன் நாற்காலிக்குப் போகவில்லை. என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். கொஞ்ச நேரம் என் முகத்தைப் பார்க்கவே இல்லை.

"அம்மாகிட்ட நீங்களே சொல்லிடுங்கப்பா. இனிமே நீங்க வீட்லதான் இருப்பீங்கன்னு நான் சொன்னா நம்ப மாட்டாங்க."